கேமராவோடு ஒரு நெடும்பயணம்: தாங்குதிறன் ஆவணப்படத்தில் தோன்றுவோருக்கு முழுமையான வழிகாட்டி

நூறு கிலோமீட்டர் ஓட்டத்துக்கோ, கடல் நீச்சலுக்கோ, இரவு பகலாக நீளும் சைக்கிள் பந்தயத்துக்கோ நீங்கள் தயாராகிக்கொண்டிருக்கிறீர்கள். இரண்டு மூன்று பேர் கொண்ட ஒரு சிறு குழு வந்து, “உங்களை வைத்து ஓர் ஆவணப்படம் எடுக்கலாமா?” என்று கேட்கிறது. பின்னால் பெரிய நிறுவனம் எதுவும் இல்லை. இயக்குநரே கேமராவைப் பிடிப்பார். அவருடைய நண்பர் ஒலிப்பதிவைப் பார்த்துக்கொள்வார். ‘சரி’ என்று சொல்லும் எண்ணத்தில் இருப்பவர்களுக்காகவே இந்த வழிகாட்டி.

இந்தப் படத்தில் உங்களுக்கு வசனம் கிடையாது, ரீடேக் கிடையாது. ஆனாலும் ‘பார்க்கிறார்கள்’ என்ற நினைப்பு உங்கள் முடிவுகளுக்குள் புகுந்துவிடும். வலி கூடும்போது நிற்பதா, தொடர்வதா என்று இதுவரை நீங்களும் உங்கள் உடம்பும் மட்டுமே பேசி முடிவெடுத்தீர்கள். இனி அந்தப் பேச்சில் கேமராவும் மூன்றாவது ஆளாக வந்து உட்காரும். அதன் வாக்குக்கு எவ்வளவு மதிப்பு என்பதைக் கிளம்பும் முன்பே முடிவு செய்துவிட வேண்டும். கீழே சொல்லியிருக்கும் படிகள் எல்லாம் அதற்காகத்தான்.

படி 1: சில படங்களைப் பாருங்கள், வேறு கண்ணோடு

ஊக்கம் பெறுவதற்காக இந்தப் படங்களை நீங்கள் ஏற்கெனவே பார்த்திருக்கலாம். இப்போது தோன்றுபவரின் இடத்தில் இருந்து பாருங்கள். அவர் எந்த நேரத்தில் தனியாக விடப்பட்டார், எப்போது கேமரா நெருங்கியது, யார் அவரிடம் ‘போதும்’ என்று சொன்னார்கள் என்று கவனியுங்கள்.

முதலில் ‘தி பார்க்லி மாரத்தான்ஸ்: தி ரேஸ் தட் ஈட்ஸ் இட்ஸ் யங்’ (2014). ஆனிகா இல்டிஸ், டிமதி ஜேம்ஸ் கேன் இருவரும் இயக்கியது. அமெரிக்காவின் டென்னசியில், ஃப்ரோசன் ஹெட் பூங்காவின் காட்டு மலைகளில் 1986 முதல் நடக்கும் போட்டி இது. ஐந்து சுற்று, 60 மணி நேரம். அடையாளமிட்ட பாதை கிடையாது. காட்டில் ஆங்காங்கே வைத்திருக்கும் புத்தகங்களில் இருந்து தன் பந்தய எண்ணுள்ள பக்கத்தைக் கிழித்துக்கொண்டு வர வேண்டும். சங்கு ஊதினால் இன்னும் ஒரு மணி நேரத்தில் போட்டி. அமைப்பாளர் லாசரஸ் லேக் சிகரெட்டைப் பற்றவைத்தால் போட்டி தொடங்கியது என்று பொருள். 2024 வரை முழுமையாக முடித்தவர்கள் 20 பேர்தான். படம் 2012ஆம் ஆண்டுப் போட்டியைக் காட்டுகிறது. அந்த ஆண்டு பிரெட் மான், ஜாரெட் கேம்பல், ஜான் ஃபெக்யவெரெசி ஆகிய மூவர் முடித்தார்கள். ஆனால் மனதில் தங்குவது விலகி வருபவர்களின் முகம். ஒவ்வொருவர் விலகும்போதும் முகாமில் இறுதி அஞ்சலிக்கு வாசிக்கும் இசையை ஊதுகிறார்கள். அவர்கள் நின்று கேட்கிறார்கள், சிலர் சிரிக்கிறார்கள். தோல்வியை இவ்வளவு மரியாதையோடு காட்டிய விளையாட்டுப் படங்கள் குறைவு.

அடுத்து ‘3100: ரன் அண்ட் பிகம்’ (2018). இயக்கியவர் சஞ்சய் ராவல். இது காட்டும் பந்தயத்தில், நியூயார்க்கின் குவீன்ஸ் பகுதியில் 883 மீட்டர் கொண்ட ஒரு தெருச் சுற்றை 5,649 முறை ஓட வேண்டும், 52 நாட்களுக்குள். காலை 6 மணி முதல் நள்ளிரவு வரை பாதை திறந்திருக்கும். நாளொன்றுக்கு ஏறக்குறைய 96 கிலோமீட்டர் ஓடினால்தான் கணக்கு தேறும். இதில் தோன்றும் ஆஷ்ப்ரிஹனால் ஆல்டோ ஃபின்லாந்தில் பத்திரிகை போடும் வேலை பார்த்தவர். இந்தப் படத்தில் அவருடைய அமைதியைப் பாருங்கள். கேமரா பக்கத்தில் வரும்போது நடை மாறவில்லை, பேச்சு கூடவில்லை. பயில வேண்டிய திறமை அது.

படி 2: இயக்குநரிடம் ஒரு கேள்வி கேளுங்கள்

‘நான் பாதியில் நிறுத்திவிட்டால் உங்கள் படம் என்னவாகும்?’

முதல் சந்திப்பிலேயே இதைக் கேட்டுவிடுங்கள். பதில் உடனே வந்தால், ‘அப்போதும் படம் உண்டு, அது வேறு படமாக இருக்கும்’ என்ற தொனியில் வந்தால், அவரோடு மேலே பேசலாம். ‘அப்படியெல்லாம் ஆகாது, நீங்கள் முடிப்பீர்கள்’ என்று தட்டிக்கொடுத்தால் நன்றி சொல்லி விலகிக்கொள்ளுங்கள். அவர் கெட்டவராக இருக்க வேண்டும் என்பதில்லை. ஆனால் அவருடைய கதைக்கு உங்கள் வெற்றி தேவைப்படுகிறது. அந்தத் தேவை இரண்டாம் நாள் இரவில் உங்கள் தோளில் ஏறி உட்காரும்.

முடிக்காதவரின் கதை படமாகாது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். கனடாவின் கேரி ராபின்ஸ் 2017இல் பார்க்லி ஐந்தாம் சுற்றின் கடைசிப் பகுதியில் மூடுபனியில் வழி தவறினார். சுமார் மூன்று கிலோமீட்டர் விடுபட்டது. தவறான திசையில் இருந்து ஓடிவந்து, முடிவிடமான முகாம் வாயிற்கதவைத் தொட்டபோது 60 மணி நேரம் கடந்து 6 விநாடி ஆகியிருந்தது. நேரத்துக்குள் வந்திருந்தாலும் கணக்கில் வந்திருக்காது. ‘வேர் ட்ரீம்ஸ் கோ டு டை’ படம் அதில்தான் நிற்கிறது. எடுத்தவர் ஈதன் நியூபெரி. கதவருகே சரிந்து உட்கார்ந்த ராபின்ஸைப் பார்த்தவர்கள் யாரும் அவரைக் குறைத்து மதிப்பிடவில்லை.

இதே கேள்வியின் மறுபக்கத்தை உங்களிடமே கேளுங்கள்: கேமரா வராவிட்டாலும் இந்த முயற்சியைச் செய்வேனா? இதே தூரம், இதே வேகம், இதே மாதம்? படப்பிடிப்பு வசதிக்காக மழைக்காலத்துக்குத் தேதி மாறியிருந்தால், தூரம் கூடியிருந்தால், அது உங்கள் முயற்சி என்ற நிலையில் இருந்து நழுவத் தொடங்கிவிட்டது.

தோன்றுபவர் குழந்தையாக இருந்தால் இந்தக் கேள்விகளுக்கு அந்தக் குழந்தை பதில் சொல்லவே முடியாது. ஒடிசாவின் புதியா சிங் 2006 மே மாதம், நான்கு வயதில், பூரியில் இருந்து புவனேஸ்வர் வரை 65 கிலோமீட்டரை 7 மணி 2 நிமிடத்தில் ஓடினான். ஜெம்மா அட்வாலின் ‘மாரத்தான் பாய்’ (2010) பல ஆண்டுகள் கூடவே இருந்து எடுத்த படம். குடிசைப் பகுதியில் இருந்து அவனை எடுத்து வளர்த்த பயிற்சியாளர் பிரஞ்சி தாஸ், தடை விதித்த அரசு, கூடிய கூட்டம் எல்லாம் அதில் இருக்கின்றன. 2008இல் தாஸ் சுட்டுக் கொல்லப்பட்டார். அந்தப் படம் எடுக்கப்பட்டிருக்க வேண்டியதுதான்; நடந்ததை அது பதிவு செய்தது. ஆனால் உங்கள் பிள்ளையை வைத்துச் சாதனைப் படம் எடுக்கலாம் என்று ஒரு குழு வந்தால், என் கருத்து ஒன்றுதான்: வேண்டாம்.

படி 3: எழுத்தில் வாங்குங்கள்

சிறு குழு, நண்பர்கள், நல்ல மனிதர்கள் என்பதால் ஒப்பந்தத்தைத் தள்ளிப்போடுவது வழக்கம். சிறு குழுவிடம்தான் ஒப்பந்தம் கூடுதலாகத் தேவை. ஏனென்றால் படம் முடிந்த பிறகு அதை வாங்கப்போவது வேறொருவர். அவருக்கும் உங்களுக்கும் எந்த நட்பும் இல்லை.

இரண்டு பக்கம் போதும். மருத்துவப் பரிசோதனை, காப்பீடு, உங்கள் உதவியாளர்களின் பயணம் ஆகியவற்றுக்கு யார் பணம் தருகிறார்கள்? தோன்றுவதற்கான ஊதியம் உண்டா, இல்லையா? பல ஆவணப்பட இயக்குநர்கள் பணம் கொடுப்பதைத் தவிர்ப்பார்கள். கொடுத்தால் நடப்பதன் உண்மைத்தன்மை கெடும் என்பது அவர்கள் வாதம். அதை ஏற்பதும் மறுப்பதும் உங்கள் விருப்பம். ஆனால் உங்களைப் படமெடுப்பதால் வரும் கூடுதல் செலவு எதுவும் உங்கள் பையில் இருந்து போகக்கூடாது. உங்கள் காட்சிகளைப் பின்னாளில் காலணி விளம்பரத்துக்கோ குளிர்பான விளம்பரத்துக்கோ விற்க முடியுமா என்பதையும் எழுதுங்கள். முடியாது என்று எழுதுவது நல்லது. வீட்டார், குறிப்பாகக் குழந்தைகள், எந்த அளவு வருவார்கள் என்பதற்குத் தனி வரி. மருத்துவ அறிக்கைகளைக் காட்டுவதற்குத் தனி அனுமதி. இறுதி வடிவத்துக்கு முன் ரஃப் கட்டைப் பார்த்துத் தகவல் பிழைகளைச் சுட்டிக்காட்டும் உரிமையும் வேண்டும். படத்தொகுப்பை மாற்றும் அதிகாரத்தைக் கேட்காதீர்கள். கேட்டால் அது உங்களைப் பற்றிய விளம்பரமாகிவிடும், யாரும் பார்க்க மாட்டார்கள்.

படம் உங்கள் வாழ்க்கையின் எல்லாக் கதவுகளையும் திறக்கும் என்பதற்கு சார்லி எங்கிள் சாட்சி. அவரும் ரே ஸஹாபும் கெவின் லின்னும் செனகல் கடற்கரையில் தொடங்கி எகிப்தின் செங்கடல் வரை, சகாரா பாலைவனத்தின் குறுக்கே சுமார் 6,900 கிலோமீட்டரை 111 நாளில் ஓடினார்கள். ஜேம்ஸ் மோல் இயக்கிய ‘ரன்னிங் தி சஹாரா’ அந்த ஓட்டத்தின் படம். அதைப் பார்த்த அமெரிக்க வரித்துறை அதிகாரி ஒருவருக்கு ஒரு சந்தேகம் வந்தது: இவ்வளவு நாள் ஓடிக்கொண்டிருப்பவருக்குப் பணம் எங்கிருந்து வருகிறது? விசாரணை வரியில் தொடங்கி வீட்டுக்கடன் விண்ணப்பத்தில் போய் முடிந்தது. எங்கிளுக்கு 21 மாதச் சிறைத் தண்டனை. அந்த வழக்கின் நியாயம் பற்றி அமெரிக்காவில் கடும் விவாதம் நடந்தது. அதற்குள் நான் போகவில்லை. கையெழுத்திடும் முன் உங்கள் வேலை, கடன், குடும்பத் தகராறு, பழைய பேச்சு எல்லாவற்றையும் ஒருமுறை வெளி ஆளின் கண்ணால் பார்த்துவிடுங்கள் என்பதற்காகச் சொல்கிறேன்.

படி 4: நிறுத்தும் அதிகாரம் யாரிடம்?

இந்த வழிகாட்டியில் ஒரே ஒரு பகுதியைத்தான் படிக்க நேரம் இருக்கிறது என்றால் இதைப் படியுங்கள்.

ஸ்லோவேனியாவின் மார்ட்டின் ஸ்ட்ரெல் 2007 பிப்ரவரி முதல் ஏப்ரல் வரை, 52 வயதில், அமேசான் ஆற்றை நீந்தினார். பெருவின் அட்டலாயாவில் இருந்து பிரேசிலின் பெலெம் வரை 5,268 கிலோமீட்டர், 66 நாள். ஜான் மரிங்குவின் இயக்கிய ‘பிக் ரிவர் மேன்’ (2009) அதைக் காட்டுகிறது. வெயிலில் தோல் உரிந்த முகத்தை மறைக்கத் துணி முகமூடி, ஏறிக்கொண்டே போகும் ரத்த அழுத்தம், மெல்லக் குழம்பும் மனம். கதையைச் சொல்பவர் மகன் போருட். அவரே அப்பாவின் முயற்சிகளை நடத்துபவரும்கூட. பெலெமில் ஸ்ட்ரெலைத் தாங்கிப் பிடித்துச் சக்கர நாற்காலியில் கொண்டுபோனார்கள். படம் சன்டான்ஸ் விழாவில் ஒளிப்பதிவுக்கான விருது பெற்றது. விருதுக்குத் தகுதியான படம்தான். ஆனால் அவரோடு சென்ற படகில் ‘போதும், ஏறுங்கள்’ என்று சொல்லி அதை நிறைவேற்றக்கூடியவர் யார் என்று தேடிக்கொண்டே அதைப் பாருங்கள். மகன், மேலாளர், கதைசொல்லி என மூன்று வேடம் ஒருவருக்கே விழும்போது மகனின் குரல் எவ்வளவு எழும்?

ஆகவே உங்கள் முயற்சியில் நிறுத்தும் அதிகாரம் ஒருவருக்கு வேண்டும். அவர் இயக்குநராக இருக்கக்கூடாது. படத்தில் பணம் போட்டவராக இருக்கக்கூடாது. கணவனோ மனைவியோ பெற்றோரோ வேண்டாம். உங்கள் கண்ணீர் அவர்களை எந்தப் பக்கமும் சாய்க்கும். நீண்ட தூர நிகழ்வுகளில் பழக்கமுள்ள மருத்துவர் கிடைத்தால் நல்லது. இல்லையென்றால் முன்பு பலருக்கு உதவியாளராகப் போன, உங்களிடம் ‘இல்லை’ என்று சொல்லத் தயங்காத ஒருவர். அவர் சொன்னால் முயற்சி முடிந்தது, மேல்முறையீடு கிடையாது என்று நீங்களும் இயக்குநரும் கையெழுத்துப் போட வேண்டும். அவர் கை காட்டினால் கேமராவைக் கீழே வைத்துவிட்டு எல்லாரும் உதவிக்கு ஓடி வர வேண்டும் என்பதும் அதிலேயே இருக்கட்டும்.

அவர் கையில் ஒரு பட்டியல் வேண்டும். பெயர், இடம், கிழமை கேட்டால் தடுமாறுவது. நேராக நடக்க முடியாமல் சாய்வது. மார்பு வலி. குடித்ததெல்லாம் வாந்தியாக வருவது. கோலா நிறத்தில் சிறுநீர்: தசை சிதைந்து அதன் புரதம் சிறுநீரகத்துக்குப் போகிறது என்பதன் அறிகுறி, உடனே மருத்துவமனை. கடும் வெப்பத்தில் ஓடும்போது குழப்பமும் மயக்கமும் வந்து உள்வெப்பம் 40 டிகிரியைத் தாண்டினால், ஆம்புலன்ஸுக்காகக் காத்திருக்கும்போதே பனிக்கட்டித் தண்ணீரில் குளிர்விக்கத் தொடங்க வேண்டும்.

தண்ணீரைப் பற்றி ஒரு எச்சரிக்கை. குறைவாகக் குடிப்பதை மட்டுமே பலரும் ஆபத்தாக நினைக்கிறார்கள். அளவுக்கு மேல் குடித்தால் ரத்தத்தில் சோடியம் சரிந்து மூளை வீங்கும், உயிரே போகலாம். 2002 பாஸ்டன் மாரத்தானில் ரத்தம் பரிசோதிக்கப்பட்ட 488 பேரில் 13 சதவீதம் பேருக்குச் சோடியம் குறைந்திருந்தது. விரல் வீங்குவது, மோதிரம் இறுகுவது, தலைவலி, குமட்டல் ஆகியவை தொடக்க அடையாளங்கள். தாகத்துக்குக் குடியுங்கள். வலி மாத்திரைகளில் ஐபுப்ரோஃபென் வகையை ஓடும்போது தொடாதீர்கள். வாடிய சிறுநீரகத்துக்கு அது இன்னொரு அடி.

இது மிகையான பயம் என்று தோன்றலாம். 2005இல் அமெரிக்காவைக் குறுக்கே கடக்கும் ‘ரேஸ் அக்ராஸ் அமெரிக்கா’ சைக்கிள் பந்தயத்தில், அனுபவம் மிக்க மருத்துவரான பாப் பிரீட்லவ் கொலராடோவில் வண்டி மோதி இறந்தார். ‘பைசைக்கிள் ட்ரீம்ஸ்’ படம் அந்தப் பந்தயத்தைத்தான் எடுத்துக்கொண்டிருந்தது. நம் வல்வெட்டித்துறை குமார் ஆனந்தன், சாதனைகளுக்குப் பேர்போன மனிதர், 1984 ஆகஸ்டில் ஆங்கிலக் கால்வாயை நீந்தும் முயற்சியில் உயிரிழந்தார். இவர்கள் யாரும் புதியவர்கள் அல்ல.

படி 5: கேமராவையும் பயிற்சியில் சேருங்கள்

உடற்பயிற்சி அட்டவணையை உங்கள் பயிற்சியாளர் பார்த்துக்கொள்வார். படக்குழுவோடு பழகும் பயிற்சி தனி. குறைந்தது ஒரு நீண்ட இரவு ஓட்டத்துக்காவது அவர்களை வரச்சொல்லுங்கள்.

சட்டை மைக்கை மார்பில் ஒட்டி முழு நேரம் ஓடிப்பாருங்கள். வியர்வையில் ஒட்டுநாடா எங்கே நழுவுகிறது, கம்பி எங்கே உரசுகிறது என்று தெரிந்துவிடும். பத்தாம் கிலோமீட்டரில் சின்ன எரிச்சலாக இருப்பது எண்பதாவது கிலோமீட்டரில் புண்ணாகியிருக்கும். இரவில் கேமரா விளக்கு கண்ணில் அடித்தால் இருட்டுக்குப் பழகிய பார்வை போய்விடும். திரும்ப வர இருபது முப்பது நிமிடம் ஆகும். மலைப்பாதையில் அது கணுக்காலை முறித்துவிடும். மங்கிய சிவப்பு விளக்கு, அதுவும் பின்னால் இருந்து அல்லது பக்கவாட்டில் இருந்து மட்டும் என்று பேசிக்கொள்ளுங்கள்.

விதிகளையும் அன்றே படக்குழுவுக்குச் சொல்லிக்கொடுங்கள். கால்வாய் நீச்சலில் படகைத் தொட்டால் முயற்சி செல்லாது. பார்க்லியில் முகாமைத் தவிர வேறெங்கும் உதவி பெறக்கூடாது. வெளியுதவி எதுவும் இல்லாமல் செய்ததாகச் சொல்லப்போகும் தனி முயற்சியில், கூடவே ஓடிவரும் ஒளிப்பதிவாளரின் துணையே அந்த வகையை மாற்றிவிடலாம். அன்பினால் ஒரு வாழைப்பழம் நீட்டியதற்காகப் பல மாத உழைப்பு வீணாவதைவிட, முதலிலேயே கறாராக இருப்பது நல்லது.

படி 6: களத்தில்

தொடங்கிய பிறகு கேமராவைப் பார்த்துப் பேச வேண்டியதில்லை. பேசத் தோன்றினால் பேசுங்கள், இல்லையென்றால் பேசாதீர்கள். ‘இப்போது எப்படி உணர்கிறீர்கள்?’ என்ற கேள்வியை எத்தனை மணிக்கு ஒருமுறை கேட்கலாம் என்று முன்பே பேசிவைப்பது நல்லது. சாப்பிடும் இடத்தில், காலணி மாற்றும் இடத்தில் மட்டும் என்றால் இருவருக்கும் நிம்மதி.

பின்னிரவு இரண்டு மணியில் இருந்து விடியும் வரை உடம்பின் கடிகாரம் அடிமட்டத்தில் இருக்கும். விலகும் எண்ணமும் இல்லாததைக் காணும் மயக்கமும் வரும் நேரம் அது. மரம் மனிதராகத் தெரியலாம், பாறை நாயாகத் தெரியலாம். தூக்கமின்மையால் வரும் இத்தகைய தோற்றம், நீங்கள் அதைத் தோற்றம் என்று அறிந்திருக்கும் வரை, பல ஓட்டக்காரர்களுக்குப் பழக்கமானது. அறியாமல் போனால் நிறுத்தும் அதிகாரம் உள்ளவரின் வேலை தொடங்குகிறது. இந்த நிலையில் எடுத்த காட்சிகளைப் பயன்படுத்த உங்களிடம் தனியாகக் கேட்க வேண்டும் என்று ஒப்பந்தத்தில் ஒரு வரி சேருங்கள். சுயநினைவோடு தந்த சம்மதம் நினைவு தப்பிய நேரத்துக்குப் பொருந்தாது.

மூடிய இடம் ஒன்றும் வேண்டும். கூடாரமோ, வண்டியின் பின்னிருக்கையோ, கேமரா எட்டிப்பார்க்காத ஓர் இடம். அங்கே அழலாம், கத்தலாம், கழிப்பிடத் தொல்லையைச் சமாளிக்கலாம், தொடர்வதா வேண்டாமா என்று உதவியாளரிடம் கிசுகிசுக்கலாம். நல்ல இயக்குநர்கள் இதற்கு ஒப்புக்கொள்வார்கள். ஒப்புக்கொள்ளாதவரை நம்பி இருட்டுக்குள் போகாதீர்கள்.

படி 7: படம் சான்று ஆகாது

டயானா நையாட் 2013 செப்டம்பரில், 64 வயதில், ஐந்தாவது முயற்சியில், கியூபாவில் இருந்து ஃப்ளோரிடாவுக்கு சுமார் 53 மணி நேரம் நீந்தினார். அவருடைய உறவினர் டிமதி வீலர் எடுத்த ‘தி அதர் ஷோர்’ உட்படப் படங்கள் இருக்கின்றன. இருந்தும் நெடுந்தூர நீச்சல் உலகம் அதை முறையாக உறுதிசெய்யவில்லை. பார்வையாளர் குறிப்புகளில் இருந்த இடைவெளிகள் பற்றிய கேள்விகள் ஓயவில்லை.

படத்தொகுப்பு நேரத்தைச் சுருக்கும், வரிசையை மாற்றும். அது அதன் வேலை. ஆகவே உங்கள் முயற்சிக்கான பதிவேட்டைப் படக்குழுவிடம் விடாதீர்கள். ஜி.பி.எஸ். கருவி இரண்டு, குழுவைச் சாராத பார்வையாளர், நேரம் எழுதிக் கையெழுத்திட்ட தாள்கள் ஆகியவற்றை உங்கள் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

படி 8: முடிந்த பிறகு

முடித்த கையோடு பேட்டி கேட்பார்கள். ஐந்து நிமிடம் கொடுங்கள். முக்கியமான பேட்டியைத் தூங்கி, சாப்பிட்டு, சிறுநீரகப் பரிசோதனை முடிந்த பின் வையுங்கள். இன்னொரு பேட்டி சில மாதம் கழித்து இருக்கட்டும். முதல் பேட்டியில் வராத உண்மைகள் அங்கேதான் வரும். முடித்தவர்கள் பலரையும் வாரக்கணக்கில் ஒரு வெறுமை பிடித்துக்கொள்கிறது. அந்த நாட்களில் கேமரா வேண்டாம், பழைய நண்பர்கள் போதும்.

சுயாதீனப் படம் வெளிவர ஓர் ஆண்டு, சில நேரம் அதற்கும் மேல் ஆகும். முதலில் விழாக்கள்: கனடாவில் 1976 முதல் நடக்கும் பான்ஃப் மலைத் திரைப்பட விழா, மும்பை சர்வதேசத் திரைப்பட விழா, திருவனந்தபுரத்தில் கேரளத்தின் ஆவணப்பட, குறும்பட விழா போன்றவை. பிறகே இணையம், தொலைக்காட்சி. அதுவரை முழுக் காட்சிகளை நீங்கள் வெளியிட முடியாமல் போகலாம். எத்தனை நிமிடம் வரை பகிரலாம் என்று கேட்டு வாங்கிவிடுங்கள்.

பொதுத் திரையிடலுக்கு முன், கூட்டமில்லாத ஓர் அறையில், உங்கள் வீட்டாரோடும் உதவியாளர்களோடும் ஒருமுறை பாருங்கள். வலியில் நீங்கள் யாரையாவது திட்டியிருப்பீர்கள். அவர் பக்கத்தில் உட்கார்ந்திருக்கட்டும். பிழையான தூரம், தவறான பெயர், உங்களிடம் கேட்காமல் சேர்த்த மருத்துவக் காட்சி இருந்தால் அன்றே எழுத்தில் சொல்லுங்கள். எடுத்த காட்சிகளின் ஒரு பிரதியை ஹார்ட் டிஸ்க்கில் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். அடுத்த முயற்சிக்குத் தயாராகும்போது, எந்த மணியில் உங்கள் நடை உடையத் தொடங்கியது என்று உங்கள் பயிற்சியாளர் அதில் பார்ப்பார்.